சாலோமிக்குப் பின்னிய லேஸ்

லேஸ் பின்னுவதற்குக் காலை வெளிச்சம்தான் நல்லது ஐயா. மத்தியானத்துக்கு மேல் வெள்ளை நூலில் கண் கூசும். எங்கே தவறினோம் என்று அப்போது தெரியாது, மறுநாள்தான் தெரியும். முக்கூடலுக்குப் பக்கத்தில் எங்கள் சபைப் பெண்களுக்கு நான் வெகுகாலமாக இந்த வேலை சொல்லிக்கொடுக்கிறேன். விதவைகளும் புருஷன் சரியில்லாதவர்களும்தான் அதிகம். வேலை சுத்தமாக இருக்க வேண்டும் என்பதைத் தவிர வேறெதற்கும் நான் யாரையும் கடிந்து பேசியதில்லை. நீங்கள் விசாரித்துப் பார்க்கலாம்.

நீங்கள் காவலில் வைத்திருக்கிற இசக்கியம்மா எங்கள் கொட்டகையில் நூல் சுற்றுகிறவள். தன் பையனுக்கு அம்மை கண்டிருந்ததை மறைத்துவிட்டு வேலைக்கு வந்தாள், அவளால்தான் சாலோமிக்கு ஒட்டியது என்று ஊரில் பேசுகிறார்கள். ஆஸ்பத்திரி டிரெஸ்ஸரும் அப்படியே எழுதிக் கொடுத்துவிட்டார். அது உண்மையில்லை. அவள் வரவில்லை. வராதே என்று நான் சொன்னேன், கேட்டுக்கொண்டாள். ஒரு ஏழைப் பெண்மேல் பொய்ப்பழி விழும்போது நான் சும்மா இருக்கக் கூடாது. அதனால்தான் யாரும் கூப்பிடாமல் நானாக வந்தேன்.

சாலோமி என் தங்கை எலிசபெத்தின் மகள். எலிசபெத் காய்ச்சலில் இறந்தபோது சாலோமிக்கு அஞ்சு வயது. அன்றிலிருந்து என் தங்கை புருஷன் அப்பாத்துரை உபதேசியார் வீட்டிலேயே இருந்து நான்தான் அவளை வளர்த்தேன். என்னைப் பெரியம்மா என்று கூப்பிடுவாள். குளிப்பாட்டினது, எழுத்துச் சொல்லிக்கொடுத்தது, ஜெபம் சொல்லிக்கொடுத்தது எல்லாம் நான். அவள்மேல் எனக்குக் கோபம் எதுவும் கிடையாது. இதை முதலிலேயே எழுதிக்கொள்ளுங்கள்.

எங்கள் லேஸை வாங்குகிற துரைசாணி வருஷா வருஷம் தை மாதம் வருவாள். சீமையில் ஒரு கடற்கரை ஊரில் அவள் புருஷனுக்குக் கடை. திருநெல்வேலியில் கலகம் நடந்த மறுவருஷம் வந்தபோது ஒரு படப் பத்திரிகை கொண்டுவந்தாள். அவர்கள் ஊர் நாடகக் கொட்டகையில் அழகிகள் போட்டி நடத்துகிறார்களாம். பிரான்சு, அயர்லாந்து, ஆஸ்திரியா என்று எந்தத் தேசத்துப் பெண்ணும் வரலாமாம். ஒவ்வொருத்தியாக மேடையில் வந்து நிற்க, சனம் டிக்கெட் வாங்கிப் பார்த்து, யாருக்கு அதிகமாகக் கைதட்டுகிறதோ அவளுக்குப் பரிசு. போன வருஷம் நின்றவர்களின் படமெல்லாம் அதில் இருந்தது.

எங்கள் கொட்டகையில் அன்றைக்கு வேலை நடக்கவில்லை. எல்லாரும் பத்திரிகையைச் சுற்றி உட்கார்ந்துவிட்டார்கள்.

"இவ தலையில இருக்கது தொப்பியா, கோழிக்கூடா?" என்று இசக்கியம்மா கேட்டாள்.

பிரான்சுக்காரிக்கு இடுப்பு ஒரு பிடிதான் இருந்தது. பாவம், வீட்டில் சோறு போட மாட்டார்கள் போலிருக்கிறது என்றாள் ஒருத்தி. அயர்லாந்துக்காரியின் தலைமுடி இடுப்புக்குக் கீழே தொங்கியது. அதற்கு எவ்வளவு எண்ணெய் வேண்டும் என்று பேசிக்கொண்டார்கள். ஜெயித்தவளின் படம் மட்டும் பெரிதாக இருந்தது. சாலோமி அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"இத்தன பேரு பாத்துக்கிட்டே இருந்தா நடக்கயில காலு பின்னாதா பெரியம்மா?"

"பின்னுனா என்ன, பின்னாட்டா என்ன. நீ லேஸ் திண்டப் பாரு, ஊசி சாஞ்சு நிக்கி" என்றேன்.

துரைசாணி அவள் கையிலிருந்த லேஸைப் பார்க்கத்தான் குனிந்தாள். குனிந்தவள் லேஸைப் பார்க்கவில்லை. எழுந்து ஜன்னல் பக்கம் வரச் சொன்னாள். மோவாயைத் தொட்டு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பிப் பார்த்தாள். ஜன்னல் திரை வெளிச்சத்தை மறைத்தது. என்னைக் கூப்பிட்டு அதை விலக்கிப் பிடித்துக்கொள்ளச் சொன்னாள். பிடித்துக்கொண்டேன். அவள் படப்பெட்டியை நிறுத்தி, கறுப்புத் துணிக்குள் தலையை விட்டு, வெளியே எடுத்து, மறுபடி விட்டு, வெகுநேரம் ஆயிற்று. திரை கனமான துணி. கை வலித்தது. அவ்வளவுதான்.

படம் சீமைக்குப் போய், பெண்ணை அழைத்து வரலாம் என்று தந்தி வந்தது. தூத்துக்குடியில் ஏறி, கொழும்பில் பெரிய கப்பல் மாற வேண்டும். எங்கள் பாதிரி ஐயர் முதலில் சம்மதிக்கவில்லை. சபைப் பெண் மேடையில் நிற்பதா என்றார். துரைசாணி சாமர்த்தியமாகப் பேசினாள். இந்தப் பெண் நம் கொட்டகை லேஸைப் போட்டுக்கொண்டு அங்கே நின்றால், பார்க்கிற சீமாட்டிகள் எல்லாரும் அந்த லேஸைக் கேட்பார்கள், விதவைகளுக்கு எந்நாளும் வேலை இருக்கும் என்றாள். ஐயர் யோசித்தார். கடைசியில், இன்பமணி துணைக்குப் போவதானால் சரி என்றார்.

இன்பமணி நான்தான்.

துரைசாணி என் முகத்தைப் பார்த்தாள். பிறகு சுவரைப் பார்த்தாள். துணைக்கு வேறு பெண்ணை ஏற்பாடு செய்துகொள்ளலாம் என்று அப்பாத்துரையிடம் இங்கிலீஷில் மெதுவாகச் சொன்னாள். எனக்கு அந்த அளவு இங்கிலீஷ் தெரியும். கப்பலில் என்னைப் பார்த்தால் மற்றவர்கள் பயப்படுவார்கள் என்றும் சொன்னாள். அப்படியே முடிவாயிற்று. கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. என் முகம் எப்படி இருக்கிறது என்பது எனக்குத் தெரியாததில்லை.

அதையும் சொல்லிவிடுகிறேன். எனக்குப் பதினேழு வயதில் பெரியம்மை போட்டது. அப்போது எனக்குக் கல்யாணம் நிச்சயமாகி, கோயிலில் முதல் ஓலை வாசித்தாயிற்று. இன்னாருக்கும் இன்னாருக்கும் விவாகம் என்று சபைக்கு அறிவிப்பார்களே, அது. மாப்பிள்ளை அப்பாத்துரை. இரண்டாவது ஓலை வாசிக்க வேண்டிய ஞாயிற்றுக்கிழமை நான் வேப்பிலைமேல் படுத்திருந்தேன். எழுந்தபோது வீட்டில் கண்ணாடியை எடுத்து ஒளித்து வைத்திருந்தார்கள். நான் குடத்துத் தண்ணீரில் பார்த்துக்கொண்டேன். பெரியவர்கள் கூடிப் பேசினார்கள். அப்பாத்துரையும் ஒன்றும் மறுத்துச் சொல்லவில்லை. எலிசபெத்தைக் கட்டிவைத்தார்கள். அவளுக்கு நான்தான் தலை பின்னி, பூ வைத்து அனுப்பினேன். எனக்கு எடுத்த சேலைதான். வீணாகப் போக வேண்டாமே.

அந்த அம்மை எனக்கு நல்லதே செய்தது என்று சபையில் நானே சாட்சி சொல்லியிருக்கிறேன். அதற்கு முன்னால் எனக்குக் கொஞ்சம் கர்வம் இருந்தது. கோயிலுக்குள் நுழையும்போது யார் யார் திரும்பிப் பார்க்கிறார்கள் என்று கவனிப்பேன். அம்மைக்குப் பிறகு அந்தக் கவலை போயிற்று. ஊழியம் செய்தேன், வேலை கற்றேன், அம்மை கண்ட வீடுகளுக்குத் தைரியமாகப் போய்ப் பார்த்துக்கொண்டேன். ஒரு தடவை வந்தவர்களுக்கு மறுபடி வராது என்பார்கள். இந்து வீட்டுக்காரர்களும் ஆள் அனுப்பி என்னைக் கூப்பிடுவார்கள். முகம் போனால் ஒரு பெண்ணுக்கு எவ்வளவு மிச்சம் இருக்கிறது என்று எனக்குத்தான் தெரியும்.

சாலோமிக்கு அது தெரியாது. அவளுக்குத் தலைக்கனம் ஏறிவிட்டது என்று சொல்லமாட்டேன், ஆனால் அந்த வழியில்தான் போய்க்கொண்டிருந்தாள். தலையில் புத்தகம் வைத்துக்கொண்டு விழாமல் நடந்து பழகு என்று துரைசாணி சொல்லியிருந்தாள். இவள் கோயில் பாட்டுப் புத்தகத்தை வைத்து நடக்க, ஐயர் பார்த்துத் திட்டினார். பிறகு அரிசி புடைக்கிற சுளகை வைத்துக்கொண்டு நடந்தாள். ஆற்றிலிருந்து குடம் சுமந்த பெண்ணுக்கு அது ஒரு வேலையே இல்லை. கொட்டகைப் பெண்கள் கைதட்டுவார்கள். இசக்கியம்மா, "நீதான் பிரான்சுக்காரி, நீதான் பிரான்சுக்காரி" என்று கூத்தாடுவாள். என் மாணவிகள் அவ்வளவு சிரித்து நான் பார்த்ததில்லை.

மேடையில் போட்டுக்கொள்ள வெள்ளைச் சட்டை தைத்து வந்தது. அதற்கு லேஸ் கழுத்துப்பட்டி பின்ன வேண்டியது நான். கொட்டகையில் என் கை வேலைக்கு மேல் இல்லை. ஒருநாள் அளவு பார்ப்பதற்காகச் சட்டையைப் போட்டுவிட்டு அவளை நடுவீட்டில் நிறுத்தியிருந்தேன். உபதேசியார் உள்ளே வந்தார். வாசற்படியிலேயே நின்றுவிட்டார். அவர் அதிகம் பேசுகிறவர் இல்லை. என்னிடம் வீட்டுச் சாமான், சபை விஷயம் தவிர ஒன்றும் பேசமாட்டார்.

"மைனி" என்றார். "மொத ஓல வாசிச்ச அன்னைக்கு நீங்க இப்படித்தான் நின்னிய."

சாலோமிக்கு அது விளங்கவில்லை. "என்னப்பா?" என்று கேட்டாள். அவர் ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு, அவளையே இன்னும் கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுப் போய்விட்டார்.

அத்தனை வருஷத்தில் அந்த நாளைப் பற்றி அவர் வாய் திறந்தது அன்றைக்குத்தான். மறந்துவிட்டார் என்று நினைத்திருந்தேன். மறந்திருந்தால் எனக்கு ஒன்றும் இல்லை. நான் அடுக்களைக்குப் போய் உலை வைத்தேன். எனக்கு எந்த வருத்தமும் வரவில்லை. அரிசி களையும்போது, இந்தப் பிள்ளையைக் கடல் தாண்டி அனுப்பக் கூடாது என்று மட்டும் தோன்றியது. கண்டவன் எல்லாம் டிக்கெட் வாங்கிப் பார்ப்பான். ஜெயித்துவிட்டால் திரும்பி வரமாட்டாள். தோற்றால் அழுதுகொண்டு வருவாள். இரண்டும் கெடுதல்தான். அவளைத் தடுக்க வேறு யாருக்கும் மனம் இல்லை. வளர்த்தவள் நான்தானே யோசிக்க வேண்டும்.

இசக்கியம்மாவின் பையனுக்கு அம்மை போட்டது அந்த மாதத்தில்தான். அவள் கொட்டகைக்கு வராமல் என்னை வீட்டுக்கு வரச்சொல்லி அனுப்பினாள். போனேன். பையன் உடம்பு முழுக்க நெருக்கமாகப் போட்டிருந்தது. தினமும் போய் வேப்பிலையால் தடவிவிட்டேன், கஞ்சி ஊட்டினேன். அவனை நான் நன்றாகத்தான் பார்த்துக்கொண்டேன். இப்போது அவன் ஆற்றில் துள்ளிக்கொண்டு திரிகிறான்.

போகும்போது வேலைப் பையையும் கொண்டுபோவேன். கழுத்துப்பட்டி முடிந்திருந்தது. அதைப் பையனின் பாயில், கழுத்துக்கு அடியில் வைத்தேன்.

இசக்கியம்மா பார்த்துவிட்டாள். "என்ன வாத்தியாரம்மா, புது லேசப் போயி இங்கன வைக்கிய?"

"பாய் கழுத்த உறுத்துதுல்லா, மெத்துனு இருக்கட்டும்" என்றேன்.

அவளுக்குக் கண் கலங்கிவிட்டது. தன் பிள்ளைக்குச் சீமைக்குப் போகிற லேஸை விரித்துவிட்டேன் என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். அவள் உங்களிடம் இதைச் சொல்லவில்லை என்று நினைக்கிறேன். சொன்னால் எனக்குக் கெட்ட பேர் வரும் என்று பயந்திருப்பாள். நல்ல பெண். அவளை விட்டுவிடுங்கள்.

பட்டி அங்கே சில நாள் கிடந்தது. பிறகு எடுத்து, துவைக்காமல், நிழலில் உலர்த்தி, காகிதத்தில் மடித்து வைத்தேன்.

கப்பலுக்குப் போகிறவர்கள் அம்மை குத்திக்கொள்ள வேண்டும் என்று சட்டம். சின்ன வயதில் எலிசபெத் பயந்துபோய் இவளை ஒளித்து வைத்துவிட்டதால், சாலோமிக்குக் குத்தியதே இல்லை. துரைசாணி சொல்லி, அம்மை குத்துகிற காஜா முகைதீன் பாளையங்கோட்டையிலிருந்து வந்தார். சாலோமி பின்கட்டில் தலை காயவைத்துக்கொண்டிருந்தாள். நான் வாசலிலேயே அவரை நிறுத்தி, பிள்ளை பேட்டையில் சொந்தக்காரர்கள் வீட்டுக்குப் போயிருக்கிறாள் என்றேன்.

"ஊர்ப்பக்கம் நோய் நடமாடுதும்மா. பிந்தக் கூடாது" என்றார்.

"அடுத்த வாரம் வாங்க அண்ணாச்சி. நானே கூட்டியாந்து நிறுத்துதேன்" என்று சொல்லி மோர் கொடுத்து அனுப்பினேன். வெயிலில் நடந்து வந்த மனுஷர்.

அவர் போன பிறகு பட்டியைச் சட்டையில் வைத்துத் தைத்துச் சாலோமிக்குப் போட்டுவிட்டேன். கழுத்தோடு ஒட்டி, தாடை வரைக்கும் உயர்ந்து நின்றது.

"குத்துதா?" என்று கேட்டேன்.

"இல்ல பெரியம்மா. பூ மாதிரி இருக்கு."

அவிழ்க்க மனமில்லாமல் அன்றைக்கு முழுவதும் போட்டுக்கொண்டிருந்தாள். லேஸைக் கன்னத்தில் வைத்து வைத்துப் பார்த்தாள். என்னைக் கட்டிக்கொண்டு, ஜெயித்தால் எனக்குப் பிரான்சுக்காரி தொப்பி ஒன்று வாங்கி வருவதாகச் சொன்னாள். நானும் சிரித்தேன். நான் கல்மனசுக்காரி இல்லை ஐயா.

அடுத்த வாரம் காஜா முகைதீன் வந்தபோது அவளுக்குக் காய்ச்சல் கண்டிருந்தது. முதுகு வலி, தலைவலி. பிறகு போட்டது. உபதேசியார் மண்டியிட்டவர் எழுந்திருக்கவில்லை. நான் அவரை எழுப்பி, நீங்கள் அறைக்குள் வர வேண்டாம், நான் பார்த்துக்கொள்கிறேன் என்றேன். பார்த்துக்கொண்டேன். அவள் பிழைக்க வேண்டும் என்று உண்மையாகவே ஜெபித்தேன். நான் போட்ட கணக்கில் அவள் சாவு கிடையாது.

சட்டையையும் பட்டியையும் அடுப்பில் போட்டுவிட்டேன். தேட வேண்டாம்.

டிரெஸ்ஸர் வந்து பார்த்துவிட்டு, பயப்பட வேண்டாம் என்றார். "கழுத்துலயும் மார்லயுந்தான் நெருக்கமா இருக்கு. முகத்துல அங்கொண்ணு இங்கொண்ணுதான். பொருக்கு தானா உதிரணும், நகம் படப்படாது. கையக் கெட்டி வையிங்க. பைய ஆறிட்டா முகத்துல ஒரு தடமும் இருக்காது" என்றார். அவள் கைகளை மெல்லிய துணியால் நான்தான் கட்டினேன்.

துரைசாணி தான் தங்கியிருந்த பாளையங்கோட்டையிலிருந்து வந்து எட்டிக்கூடப் பார்க்கவில்லை. அம்மை என்று கேட்டதும் தூத்துக்குடிக்குப் புறப்பட்டுவிட்டாள். கப்பல் ஏறியாயிற்று, கொழும்பில் வேறு பெண் பார்த்துக்கொள்வாள், இனி இந்த ஊர்ப்பக்கம் வருவதாக இல்லை என்று அவள் ஆள் வந்து சொல்லிவிட்டுப் போனான். உபதேசியார் அறை வாசலில் நின்று என்னிடம் அதைச் சொன்னார்.

"அது முடிஞ்சுபோச்சு மைனி. போனா போட்டும். பிள்ள பிழைச்சா போதும்."

"ஆமா" என்றேன். கர்த்தருக்கு நன்றி சொன்னேன். நான் எதற்காகச் செய்தேனோ அது நடந்துவிட்டது. அவள் கடல் தாண்டவில்லை. யார் முன்னாலும் நிற்கவில்லை.

நீங்கள் பேனாவைக் கீழே வைக்கிறீர்கள். இசக்கியம்மாவை விடுவதற்கு இவ்வளவு போதும் என்கிறீர்கள். அதற்குப் போதும்தான். ஆனால் பாதியில் நிறுத்தினால் அதுவும் பொய் சொன்ன மாதிரிதான். இன்னும் கொஞ்சம் எழுதிக்கொள்ளுங்கள்.

கப்பல் போன சேதி வந்த மறுநாள் சாலோமிக்குக் காய்ச்சல் இறங்கியது. உபதேசியார் கோயிலுக்குப் போயிருந்தார். நான் வேப்பிலைத் தண்ணீரில் துணி நனைத்து அவள் முகத்தை ஒற்றிக்கொண்டிருந்தேன். கன்னத்திலிருந்து ஒரு பொருக்கு துணியோடு வந்தது. அந்த இடத்தில் தோல் இளஞ்சிவப்பாக, பள்ளம் இல்லாமல் இருந்தது. தொட்டுப் பார்த்தேன். வழவழவென்று இருந்தது. அவள் கண் திறந்தாள்.

"நீங்க தூங்கவே இல்லியா பெரியம்மா?"

"தூங்குதேன். நீ கண்ண மூடு."

மூடிக்கொண்டாள். கைகள் கட்டியிருந்தன. நெற்றியிலிருந்து ஆரம்பித்தேன். உதிரக் காத்திருந்தவை கொஞ்சம்தான். மற்றதெல்லாம் ஆழமாகப் பிடித்திருந்தன. அவற்றை என் நகத்தால் எடுத்தேன். ஒன்றையும் விடவில்லை.

"வலிக்கு பெரியம்மா."

"பொறு பிள்ள. சுத்தம் பண்ணுதேன். இல்லாட்டா சீழ் வச்சிரும்."

பொறுத்துக்கொண்டாள். சின்ன வயதிலிருந்தே நான் சொன்னால் கேட்கிற பிள்ளை. மறுநாளும் செய்தேன். ஆறிவந்த இடத்திலும் செய்தேன். அதில் இடது கண்ணில் புண் வைத்துப் பார்வை போய்விட்டது. அது நான் நினைக்காதது. அதற்காக மட்டும் வருத்தப்படுகிறேன். தூக்கத்தில் கட்டை அவிழ்த்துக்கொண்டு அவளே சொறிந்துவிட்டாள் என்று உபதேசியாரிடம் சொன்னேன். நம்பினார். அவளுக்கு இன்றைக்கும் ஒன்றும் தெரியாது. பெரியம்மா இல்லாவிட்டால் நான் செத்திருப்பேன் என்று வருகிறவர்களிடம் எல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறாள்.

துரைசாணி போய்விட்டாள், போட்டியும் இல்லை, பிள்ளையை யாரும் எங்கேயும் கொண்டுபோகப் போவதில்லை, அதற்குப் பிறகும் எதற்கு என்று கேட்கிறீர்கள்.

கப்பல்தான் போயிருந்தது ஐயா. முகம் அங்கேயேதான் இருந்தது.